சோறு போட்டாளா இல்லியா?

என் பெயரைத் தொலைக்காட்சியில் பார்த்தவர்கள் ரொம்பக் குறைவு. போடவில்லை என்று சொல்ல மாட்டேன், போட்டார்கள். ஆனால் நாடகம் ஆரம்பித்து எழுத்துகள் ஓடுகிற அந்த நேரத்தில்தான் எல்லா வீட்டிலும் ஒருவர் மொட்டை மாடியில் ஏரியலைத் திருப்பிக்கொண்டிருப்பார். இன்னொருவர் கீழே நின்று "தெரியுது, தெரியுது, ஐயோ போச்சு!" என்று கத்திக்கொண்டிருப்பார். படம் தெளிவதற்குள் கதாநாயகி அழ ஆரம்பித்திருப்பாள். எழுதியது யார் என்று யார் கேட்டார்கள்? எனக்கும் அதில் பெரிய வருத்தமில்லை. அழுகை ஒழுங்காக வந்தால் போதும்.

சென்னைக்குப் படப்பெட்டி வந்த புதிதில் அதற்கு நாடகம் எழுதிய கொஞ்சம் பேரில் நானும் ஒருத்தி. ஆனால் என் கதை அங்கே தொடங்கவில்லை. அதற்கு ரொம்ப முன்னால், ஐம்பதுகளில், திருவள்ளூரில், கொடியில் தொங்கிய ஒரு பழைய போர்வைக்குப் பின்னால் தொடங்கியது. என் முதல் நாடகத்தைக் கெடுத்தது என் மாமியார். காப்பாற்றியதும் அவரேதான். அவர் இருந்தபோது நான் இதைச் சொல்லியிருந்தால் அவர் பெருமையை ஊர் தாங்கியிருக்காது.

நான் பிறந்தது பழவேற்காட்டுக்கும் காட்டுப்பள்ளிக்கும் நடுவில் இருந்த ஒரு மணல் ஊர். மாசிக்கு மாசி அங்கே கூத்து நடக்கும். ஆண்கள் எல்லாம் முன்னால் உட்கார்ந்துகொள்வார்கள். பெண்களுக்கு ஒதுக்கிய இடம் கடல் பக்கம், கூட்டத்தின் ஓரத்தில். கடல் காற்று எங்களைத் தாண்டித்தான் மேடைக்குப் போகும். அதனால் மேடையில் பேசுகிற பேச்சு எதுவும் எங்கள் பக்கம் திரும்பி வராது. ஆண்கள் சிரிப்பார்கள், எதற்கு என்று தெரியாது. ராஜா கர்ஜிப்பார், வாய் மட்டும் அசையும். நாங்களெல்லாம் கண்ணால் பார்த்தே முழுக்கதையையும் தெரிந்துகொண்டோம். தோள் இறங்கினால் தோற்றான், புடவைத் தலைப்பு வாய்க்குப் போனால் அழுகிறாள். இதுதான் நாடகம் என்று நான் நினைத்துக்கொண்டு வளர்ந்தேன்.

பொன்னேரியில் எட்டாவது வரை படித்தேன். பிறகு கல்யாணம், திருவள்ளூர். அவருக்கு ரயில்வே கூட்ஸ் ஆபீஸில் வேலை. ஸ்டேஷனுக்குப் பக்கத்திலேயே நாலைந்து குடித்தனம் சேர்ந்த ஒரு வீட்டில் எங்களுக்கு ஒரு பகுதி. கொஞ்ச தூரத்தில் நகராட்சிப் பூங்கா. அதில் கம்பத்தின் மேல் ஒலிபெருக்கி கட்டி, சாயங்காலமானால் வானொலி வைப்பார்கள். வறுகடலைக்காரர், வண்டிக்காரர்கள், பள்ளிக்கூடம் விட்ட வாத்தியார்கள் என்று எல்லாரும் அங்கே வந்து உட்கார்வார்கள். கிராமத்தாருக்கான நிகழ்ச்சியில் வாரத்துக்கு ஒரு நாடகம் வரும். அதில் வருகிற விவசாயிகள் எல்லாரும் கலெக்டர் ஆபீஸ் கடிதம் மாதிரிப் பேசுவார்கள். "உரமிட்டால் உயர்வடையலாம் அல்லவா?" என்று மனைவியிடம் கேட்பான் ஒருவன். எந்த ஊரில் எவன் பெண்டாட்டியிடம் அப்படிக் கேட்டான்? எனக்கு மூக்குக்கு மேல் கோபம் வரும்.

"இதுக்கு நானே எழுதிடுவேன்" என்றேன் ஒருநாள்.

"எழுதேன், யாரு வாணான்னா?" என்றார் அவர், செய்தித்தாளை விட்டுக் கண்ணை எடுக்காமல்.

எழுதிவிட்டேன். கதை சின்னதுதான். ஒருவன் பெண்டாட்டியைக் கேட்காமல் சந்தையில் எருமையை விற்றுவிடுகிறான். அவள் அவனோடு பேச்சை நிறுத்திவிடுகிறாள். எங்கள் பக்கத்தில் புருஷன் பெண்டாட்டி சண்டை என்றால் சமையல் நிற்காது. பேச்சு நிற்கும், பரிமாறுவது நிற்கும். கோபக்காரி சோறு வடித்து வைத்துவிட்டு ஒதுங்கிவிடுவாள். மாமியார்தான் எடுத்துப் போட வேண்டும். என்றைக்கு அவள் தன் கையால் அவனுக்குச் சோறு போடுகிறாளோ அன்றைக்குச் சமாதானம். யாரும் வாயைத் திறந்து எதுவும் சொல்வதில்லை. என் நாடகத்திலும் அப்படித்தான். அவன் அலைந்து திரிந்து எருமையை மீட்டுக்கொண்டு வருகிறான். அவள் அதைத் தடவிக்கொடுக்கிறாள், உள்ளே போகிறாள், தட்டை வைக்கிறாள், சோற்றைப் போடுகிறாள். முடிந்தது.

அனுப்பிவைத்தேன். நேரில் வரச் சொல்லி வானொலி நிலையத்திலிருந்து கார்டு வந்தது. நானும் அவருமாகப் பட்டணம் போனோம். நாடகங்களைப் பார்த்துக்கொள்ளும் அதிகாரி ஒல்லியாக, கண்ணாடி போட்டுக்கொண்டு, மரியாதையாகப் பேசினார். அந்த மரியாதையைப் பார்த்ததுமே, திருப்பிக் கொடுக்கத்தான் கூப்பிட்டிருக்கிறார் என்று எனக்குத் தோன்றிவிட்டது.

"கதை ரொம்ப நல்லா இருக்கும்மா. ஆனா இதைப் பாருங்க. ‘அவன் தலையைக் குனிந்துகொள்கிறான்.’ தலை குனியறது ரேடியோல எப்படிக் கேக்கும்?"

அவர் அடுத்த பக்கத்தைப் புரட்டினார்.

"‘எருமை கட்டியிருந்த இடத்தைப் பார்க்கிறாள்.’ பார்க்கறது கேக்குமா? கடைசிப் பக்கத்துல ஒரு வார்த்தை கூட இல்லை. கேக்கறவங்க ரேடியோ கெட்டுப்போச்சுன்னு தட்டிப் பார்ப்பாங்க. அவ ஒரு வார்த்தை, ‘சாப்பிடுங்க’ன்னு சொல்லட்டுமே?"

"அவ சொல்ல மாட்டா சார்."

"ஏன்?"

"சொன்னா அவ வேற பொம்பள."

பக்கத்திலிருந்த என் வீட்டுக்காரர் என் காலை மிதித்தார். அதிகாரிக்குச் சிரிப்பு வந்துவிட்டது, ஆனாலும் விட்டுக்கொடுக்கவில்லை. அடுத்த மாதம் ஓர் இடம் காலியாக இருக்கிறது, காதால் கேட்டே கதை புரிகிற மாதிரி மாற்றிக்கொண்டு வாருங்கள், போடுகிறேன் என்றார். "இதுவும் சரியா வரலைன்னா விட்டுடுங்கம்மா. உங்களுக்கும் அலைச்சல், எங்களுக்கும் சங்கடம். பத்திரிகைக்குக் கதை எழுதுங்க, அது போதும்." இதமாகத்தான் சொன்னார். கதவைச் சாத்துகிறவர்கள் சிலர் அப்படித்தான் மெதுவாகச் சாத்துவார்கள். திரும்பி வருகிற ரயிலில் வேப்பம்பட்டு வரும் வரை நான் ஜன்னல் பக்கமே திரும்பி உட்கார்ந்திருந்தேன். எனக்கு அந்த நாடகம் வேண்டும். அது கம்பத்தின் மேலிருந்து கேட்க வேண்டும். அதைத் தவிர அப்போது எனக்கு வேறு எந்த ஆசையும் இருந்ததாக நினைவில்லை.

வீட்டுக்கு வந்தால் வாசலில் பெண்கள் கூட்டம். மாமியார் நடுவில் நிற்கிறார்.

"வந்துட்டா பாரு என் மருமவ! இன்னாமே, என்னிக்கு வருதாம் ரேடியோல?"

"அத்தை, இன்னும் ஒண்ணும் முடிவாகலை..."

"அதெல்லாம் ஆயிடும். நான் திருப்பாச்சூர் கோயில்ல அல்லாருக்கும் சொல்லிட்டேன். மார்க்கெட்ல காய் விக்கிறவ வரிக்கும் தெரியும்."

அவர் சொல்லாமல் விட்டது வானொலி நிலையத்துக்கு மட்டும்தான்.

காதால் எப்படிக் கதை சொல்வது? யோசித்து யோசித்துத் தலை வலித்ததுதான் மிச்சம். கடைசியில் முற்றத்துக் கொடியில் போர்வையைத் தொங்கவிட்டேன். பக்கத்துக் குடித்தனத்தில் பழவேற்காட்டிலிருந்து வந்த ஒரு அக்கா இருந்தார். அவர் வீட்டுக்காரருக்குக் கடைத்தெருவில் துணிக்கடை. அந்த அக்காவுக்கு எந்தக் குரல் வேண்டுமானாலும் வரும். எருமை மாதிரிக் கத்தினால் தெருவில் போகிற எருமை நின்று பார்க்கும். நானும் அக்காவும் போர்வைக்குப் பின்னால் நின்று எல்லாப் பாத்திரத்தையும் பேசுவோம். முன்னால் மாமியாரும் மற்றக் குடித்தனத்துப் பெண்களும் அரிசி புடைத்துக்கொண்டே கேட்பார்கள். ஒரே ஒரு சட்டம்: எந்த இடத்தில் கதை புரியவில்லையோ அங்கேயே, கூச்சப்படாமல், "இன்னா நடக்குது?" என்று கத்த வேண்டும்.

சட்டத்தை மற்றவர்கள் ஏதோ கடைப்பிடித்தார்கள். மாமியார் அதைத் தன் உயிராக எடுத்துக்கொண்டார்.

"இன்னா நடக்குது? அவன் போய்க்கினு இருக்கானா, குந்திக்கினு இருக்கானா?"

நான் காலடிச் சத்தம் சேர்ப்பேன்.

"இன்னா நடக்குது? எருமை வந்துச்சா, வர்லியா?"

அக்கா எருமையாகக் கத்துவார். அதற்கு முன்னால் கழுத்து மணியும் கேட்க வேண்டும் என்று அக்காவே யோசனை சொன்னார். நாலு நாளில் எங்கள் முற்றம் கூத்து மேடையாகிவிட்டது. வெளியே போகிறவர்கள் எட்டிப் பார்த்தார்கள். அவர் ஆபீஸிலிருந்து வந்தால் காபி கிடையாது. "எனக்கு இன்னா நடக்குதுன்னே புரியல" என்று அவரும் ஒருநாள் போர்வைக்கு முன்னால் நின்று கத்தினார். அன்றைக்கு எல்லாரும் சிரித்த சிரிப்பில் புடைத்த அரிசி பாதி கல்லோடு உலைக்குப் போனது. என் வாழ்க்கையில் இவ்வளவு சந்தோஷமாக நான் எதையும் எழுதியதில்லை, அதற்குப் பிறகும்கூட.

எல்லா இடமும் காதுக்கு வந்துவிட்டது. கடைசி இடம் மட்டும் வரவில்லை. ஒவ்வொரு முறையும் அங்கே வந்ததும் மாமியார் கத்துவார்: "இன்னா நடக்குது? சோறு போட்டாளா இல்லியா?" எனக்கு ஆத்திரமாக வரும். ஆனாலும் அவளைப் பேசவைக்க எனக்கு மனமில்லை. கடைசியில் வெண்கலத் தட்டில் கரண்டி படுகிற ‘ணங்’ என்ற சத்தத்தை வைத்தேன். அந்த முறை மாமியார் கத்தவில்லை. "ஆங், போட்டுட்டா" என்று முறத்தைத் தட்டினார்.

அதிகாரிக்கும் பிடித்துவிட்டது. நாள் குறித்துக் கொடுத்தார். அந்தக் காலத்தில் எல்லாம் நேரடி ஒலிபரப்பு. பகலில் ஒத்திகை, சாயங்காலம் நாடகம், பிழை வந்தால் பிழையோடு ஊருக்குப் போகும். அன்றைக்குப் பார்த்து என் வீட்டுக்காரருக்கு லீவு கிடைக்கவில்லை. "பட்டணத்துக்கு ஒத்தையில அனுப்ப முடியாது" என்று மாமியார் புளிச்சோறு கட்டிக்கொண்டு கிளம்பிவிட்டார். ரயிலில் எங்கள் பெட்டியில் இருந்த அத்தனை பேருக்கும் விஷயம் தெரிந்தது. வேப்பம்பட்டில் இறங்கிய ஒருவர், "கண்டிப்பா கேக்கறேம்மா" என்று ஜன்னல் வழியாக எனக்குக் கும்பிடு போட்டுவிட்டுப் போனார்.

நிலையத்தில் நடிகர்கள் மைக்கைச் சுற்றி நின்றார்கள். நாடகத்தில் புருஷனாக நடித்தவர் மேடையில் பழகியவர், சமயோசிதக்காரர். சத்தம் எழுப்புகிறவர் மூலையில் ஒரு மேஜை போட்டுத் தேங்காய் ஓடு, மணி, எங்கள் வீட்டு வெண்கலத் தட்டு, கரண்டி எல்லாம் பரப்பியிருந்தார். மாமியார் நடிகர்களின் முகத்தையே பார்த்துப் பார்த்துத் தலையாட்டிக்கொண்டிருந்தார். அவர்களுக்குச் சிரிப்பு வந்தது. அதிகாரி அவரை அந்த மேஜைக்குப் பக்கத்தில் ஒரு துணித்தட்டிக்குப் பின்னால் உட்காரவைத்தார். "அம்மா, சிவப்பு விளக்கு எரிஞ்சா இருமக்கூடாது" என்றார். மாமியார் வாயைப் பொத்திக்கொண்டு தலையாட்டினார்.

ஒத்திகையில் எல்லாம் சரியாகத்தான் போனது. கரண்டி ‘ணங்’ என்றது. மாமியார் முகம் மட்டும் சுளித்தது. நான் அதைப் பெரிதாகக் கவனிக்கவில்லை. கவனித்திருக்க வேண்டும். எங்கள் வீட்டில் வெறும் தட்டைத் தட்டினால் அவர் கையிலேயே ஒன்று போடுவார். வெறும் தட்டில் வெறும் கரண்டி தட்டினால் வீட்டில் தரித்திரம் வரும் என்பது அவருடைய உறுதியான எண்ணம். முற்றத்தில் போர்வை மறைத்ததால் தட்டு வெறுமையாக இருந்தது அவருக்குத் தெரியவில்லை; இங்கே மேஜை மேலேயே பார்த்துவிட்டார். அதுவும் மருமகளின் முதல் நாடகத்தில், ஊரே கேட்கும்படி! சத்தக்காரர் டீ குடிக்கப் போன நேரத்தில், மூட்டையை அவிழ்த்து, மிச்சமிருந்த புளிச்சோற்றை எடுத்து அந்தத் தட்டில் மங்களகரமாக வைத்துவிட்டார்.

சிவப்பு விளக்கு எரிந்தது. நான் சுவரோடு ஒட்டிக்கொண்டு நின்றேன். சண்டை நடந்தது, அவள் பேச்சை நிறுத்தினாள், மணி கேட்டது, எருமை வந்தது. ஒவ்வொன்றும் எண்ணெய் போட்ட மாதிரி ஓடியது. அதிகாரி கண்ணாடிச் சுவருக்கு அந்தப் பக்கமிருந்து என்னைப் பார்த்துத் தலையாட்டினார். அவள் உள்ளே போகும் காலடிச் சத்தம் கேட்டது. சத்தக்காரர் என் முகத்தைப் பார்த்தபடியே கரண்டியை இறக்கினார்.

கரண்டி சோற்றில் இறங்கியது. சத்தம் வரவில்லை.

சத்தக்காரர் குனிந்து தட்டைப் பார்த்தார். நான் தட்டைப் பார்த்தேன். நடிகர்கள் எங்கள் இருவரையும் பார்த்தார்கள். வானொலியில் மௌனம் எவ்வளவு பெரியது என்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது. திருவள்ளூர்ப் பூங்காவில் கம்பத்தைச் சுற்றி உட்கார்ந்திருப்பவர்கள் என் கண்ணுக்குத் தெரிந்தார்கள். நாடகம் போச்சு, நான் எழுதுவதும் இதோடு போச்சு என்று நினைத்தேன்.

அப்போது தட்டிக்குப் பின்னாலிருந்து, முற்றத்தில் அரிசி புடைக்கிற அதே குரல், அதே சுருதியில் கிளம்பியது.

"இன்னா நடக்குது? சோறு போட்டாளா இல்லியா?"

போர்வையோ தட்டியோ, எதிரே எதுவும் தெரியாமல் கதை நின்றால் கத்த வேண்டும் என்பது சட்டம். மாமியார் சட்டத்தை மீறவில்லை.

புருஷனாக நடித்தவர் கண் இமைக்க ஆகிற நேரம்தான் எடுத்துக்கொண்டார். மேஜையருகே போய் அந்தத் தட்டிலிருந்தே ஒரு கவளத்தை எடுத்து வாயில் போட்டுக்கொண்டு, மைக்குக்கு வந்து சொன்னார்: "போட்டுட்டா, பெரிம்மா. அவ கையாலயே போட்டுட்டா."

அடுத்த வீட்டுப் பெரியம்மா ஒருத்தி வேலிக்கு மேலாகக் கேட்ட மாதிரியும், அவளுக்கு இவன் பதில் சொன்ன மாதிரியும் அது அமைந்துவிட்டது. அவர் மெல்லுவதும் விழுங்குவதும் அப்படியே கேட்டது. என் நாடகத்துப் பெண் கடைசி வரை வாய் திறக்கவில்லை. இசை எழுந்தது, விளக்கு அணைந்தது.

அதிகாரி கதவைத் திறந்துகொண்டு உள்ளே வந்தார். முகம் சிவந்திருந்தது. "அந்த வரி உங்க எழுத்துல இருந்துச்சாம்மா?" என்று என்னைக் கேட்டார்.

நான் வாயைத் திறப்பதற்குள் மாமியார் தட்டிக்குப் பின்னாலிருந்து எழுந்து வந்தார். "ஏன் சார், இல்லாம? தெனம் சொல்லிக்கினு தானே இருக்கேன்!"

அவர் சொன்னதில் ஒரு பொய்யும் இல்லை. முதலில் சிரித்தது சத்தக்காரர். பிறகு நடிகர்கள். அதிகாரி கண்ணாடியைக் கழற்றித் துடைத்துத் துடைத்துப் போட்டுக்கொண்டார், ஆனாலும் அடக்க முடியவில்லை. "அடுத்த நாடகம் எப்போ தருவீங்க?" என்று கேட்டார். "அதுல இவங்களுக்கும் ஒரு பாத்திரம் எழுதிடுங்க. அதுதான் நமக்குப் பாதுகாப்பு." எனக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தது. மாமியார் மிச்சப் புளிச்சோற்றை எல்லாருக்கும் கையில் உருட்டிக் கொடுத்துக்கொண்டிருந்தார்.

பெரம்பூரில் உறவுக்காரர் வீட்டில் தங்கிவிட்டு மறுநாள் காலையில் ஊருக்கு வந்தோம். என் வீட்டுக்காரர் பிளாட்பாரத்திலேயே நின்றுகொண்டிருந்தார். அவ்வளவு எளிதில் சிரிக்காத மனிதர், முகமெல்லாம் பல்.

"அந்த எடத்துல பார்க்கே கப்சிப்னு ஆயிடுச்சு. அப்புறம் ஒரு கெழவி குரல். எனக்கு மாரே நின்னுபோச்சு, இது எங்க அம்மா கொரலாச்சே! கூட்டம் மொத்தமும் எய்ந்துக்கினு, ‘போட்டுட்டா, போட்டுட்டா’ன்னு கத்துது. வறுகடலைக்காரன் கூடையைத் தட்டுறான்."

"யாரைக் கெழவின்ற?" என்றார் மாமியார்.

துணிக்கடை அக்காவுக்கு மட்டும் ஒரு குறை. "பட்டணத்து எருமை நல்லாவே இல்ல தங்கச்சி. நான் கத்தியிருந்தா வேற மாதிரி இருந்திருக்கும்" என்றார். உண்மைதான்.

அதற்குப் பிறகு வருஷக்கணக்கில் வானொலிக்கு எழுதினேன். மாமியார் பல நாடகங்களில் பக்கத்து வீட்டுப் பெரியம்மாவாக நடித்தார். எழுதிக் கொடுத்த வசனத்தை ஒருநாளும் அப்படியே பேசியதில்லை. போர்வை கிழிந்து நூலாகும் வரை எங்கள் முற்றத்தில் தொங்கியது.

சென்னைக்குத் தொலைக்காட்சி வந்தபோது என்னைக் கூப்பிட்டார்கள். வானொலியிலிருந்து போன நாங்கள் எல்லாரும் முதலில் பேசிப் பேசியே கொன்றோம். ஒருவன் கதவைத் திறந்தால், "இதோ கதவைத் திறக்கிறேன்" என்பான். இரண்டு நாடகத்துக்குப் பிறகு எனக்கே வெட்கமாகிவிட்டது. கடல் பக்கம் உட்கார்ந்து கண்ணால் கதை பார்த்த அந்த மணல் ஊர்ப்பெண் எங்கே போனாள் என்று தோன்றியது. பழைய எருமை நாடகத்தை எடுத்தேன். காலடி, மணி, பெரியம்மா எல்லாவற்றையும் நீக்கினேன். கடைசிப் பக்கத்தை முதன்முதலில் எழுதிய மாதிரியே, ஒரு வார்த்தை இல்லாமல் வைத்தேன். அங்கிருந்த இளைஞரான தயாரிப்பாளர் புரட்டிப் பார்த்துவிட்டு, "வசனம் எங்கேம்மா?" என்றார். "பார்க்கப்போறாங்களே தம்பி, அப்புறம் எதுக்கு வசனம்?" என்றேன்.

எங்கள் தெருவில் எதிர்வீட்டில் மட்டும்தான் பெட்டி. அன்று தெருவே அங்கே இருந்தது. மாமியாருக்கு வயதாகிவிட்டது, காது சுத்தமாகக் கேட்காது. அவரைக் கைத்தாங்கலாகக் கூட்டிப்போய் முன்னால் உட்காரவைத்தேன். மாடியில் ஒருவர் ஏரியலைத் திருப்பினார், என் பெயர் நெளிந்து நெளிந்து போனது. நான் திரையைப் பார்க்கவில்லை, அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். எருமை போனது, பேச்சு நின்றது, எருமை வந்தது. அவர் வாயைத் திறக்கவேயில்லை. என்ன நடக்கிறது என்று ஒருமுறைகூடக் கேட்கவில்லை. கடைசி இடம் வந்தது. அந்தப் பெண் தட்டை வைத்தாள், குனிந்து சோற்றைப் போட்டாள். வீடே சத்தமில்லாமல் இருந்தது.

மாமியார் என் பக்கம் திரும்பி, காது கேளாதவர்களுக்கே உரிய அந்தப் பெரிய குரலில், தெரு முழுக்கக் கேட்கும்படி சொன்னார்:

"போட்டுட்டா!"